கிரான் பாரடீசோ: ராஜா போட்ட பாதையில் ஐந்து நாள்

முதல் நாள்: அவோஸ்தா

காலை டூரினில் பஸ் ஏறும்போது தூறல். இரண்டு மணி நேரம் கழித்து அவோஸ்தாவில் இறங்கியபோது சட்டை முதுகில் ஒட்டுகிற வெயில். சுற்றி நிற்கும் மலைகள் மழை மேகத்தை வெளியிலேயே நிறுத்திவிடுவதால், ஆல்ப்ஸில் மழை குறைந்த பள்ளத்தாக்குகளில் இதுவும் ஒன்று. கி.மு. 25-இல் ரோமானியர்கள் அமைத்த ஊர். அகஸ்டஸ் பெயரில் கட்டிய கல் வளைவு இன்னும் போக்குவரத்துக்கு நடுவே நிற்கிறது. பலகைகளில் இத்தாலியமும் பிரெஞ்சும் சேர்ந்தே இருக்கின்றன, இங்கே இரண்டும் ஆட்சிமொழி.

நானும் தம்பியும் வந்திருக்கிறோம். அவன் டூரினில் படிக்கிறான். "அக்கா, அடுத்த முறை நீ வரும்போது ஒரு நாலாயிரம் மீட்டர் மலை ஏறுவோம்" என்று ஒரு வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்தான். ஆல்ப்ஸில் 4,000 மீட்டரைத் தாண்டிய சிகரங்கள் 82 என்று மலையேற்றச் சங்கங்களின் கூட்டமைப்பு பட்டியல் போட்டிருக்கிறது. அதில் முதல்முறை ஏறுகிறவர்களிடம் பலரும் சொல்லும் பெயர் கிரான் பாரடீசோ. உயரம் 4,061 மீட்டர். மோன் பிளாங்க், மாட்டர்ஹார்ன், மோண்டே ரோசா எல்லாம் எல்லைக்கோட்டில் நிற்கிறவை. அடி முதல் நுனி வரை இத்தாலிக்குள்ளேயே இருக்கும் நாலாயிரம் இது ஒன்றுதான்.

மலை எங்கே இருக்கிறது என்று சொல்லிவிடுகிறேன். அவோஸ்தா பள்ளத்தாக்கு மேற்கிலிருந்து கிழக்காக ஓடுகிறது, நடுவில் டோரா பால்தேயா ஆறு. மேற்குக் கோடியில் மோன் பிளாங்க். வடக்கே சுவிஸ் எல்லை. தெற்கே கை விரல்களை விரித்ததுபோல கிளைப் பள்ளத்தாக்குகள் உள்ளே போகின்றன. அவற்றில் மூன்று: கோன்யே, வால்சவரான்ஷ், ரேம். முதல் இரண்டு விரல்களுக்கும் நடுவே எழும்பி நிற்பதுதான் கிரான் பாரடீசோ. கோன்யே பக்கம், அதாவது கிழக்கே, செங்குத்தான பாறையும் உடைந்து தொங்கும் பனியும். மேற்கே வால்சவரான்ஷ் பக்கம் சரிவு கொஞ்சம் இரக்கம் காட்டுகிறது. அதனால் ஏறுகிறவர்களில் பெரும்பாலோர் மேற்கிலிருந்துதான் போகிறார்கள். நாங்களும் அப்படித்தான்.

மதியம் நேரம் இருந்தது. ஊருக்கு வெளியே சார்ரே என்ற இடத்தில் அரச குடும்பத்தின் பழைய கோட்டை இருக்கிறது, போய்ப் பார்த்தோம். வெளியே பார்க்க எளிமையான கட்டடம். உள்ளே ஒரு நீண்ட கூடத்தில் காலடி வைத்ததும் நின்றுவிட்டேன். சுவரிலும் கூரையிலும் கொம்புகள். வெள்ளைச் சுண்ணச் சுவரில், கல்யாண வீட்டுத் தோரணம் மாதிரி வளைத்து வளைத்து, நூற்றுக்கணக்கான ஐபெக்ஸ் ஆடுகளின் கொம்புகளும் ஷமுவா மான்களின் கொம்புகளும். ஒன்றின் கீழ் நின்று அண்ணாந்து பார்த்தேன். என் கை நீளம் இருக்கும். முன்பக்கம் முழுக்க முடிச்சு முடிச்சாகப் புடைப்பு. தூசு தட்டி நன்றாகத்தான் வைத்திருக்கிறார்கள்.

தம்பி மெதுவாக, "இத்தனையையும் யார் சுட்டார்கள்?" என்றான். அரச குடும்பம்தான். இங்கே அந்த வேட்டையைத் தொடங்கிவைத்தவர் விட்டோரியோ எமானுவேலே இரண்டாமவர், ஒன்றுபட்ட இத்தாலியின் முதல் அரசர். நாளை நாங்கள் ஏறப்போகும் பாதை அவருடைய வேட்டைக்காகப் போடப்பட்டது. இரவு தங்கப்போகும் குடிலுக்கும் அவர் பெயர்தான்.

இரண்டாம் நாள்: போன்ட்டிலிருந்து குடிலுக்கு

வால்சவரான்ஷ் பள்ளத்தாக்கில் பஸ் ஏற ஏற வீடுகள் குறைந்துகொண்டே வந்தன. கூரைகள் எல்லாம் பலகைக் கல். பக்கத்தில் சவாரா ஆறு, பனியாறு அரைத்த கல்மாவு கலந்து பால் சிந்திய சாம்பல் நிறத்தில் ஓடுகிறது. சாலை முடியும் இடம் போன்ட். உயரம் 1,960 மீட்டர். ஒரு வண்டி நிறுத்தம், ஒரு கூடாரத் திடல், சாப்பிட ஓர் இடம், அவ்வளவுதான். இதற்கு மேல் கால்தான்.

இந்த மலைக்கு ஏற அனுமதிச் சீட்டு எதுவும் வேண்டாம், கட்டணமும் கிடையாது. ஆனால் குடிலில் படுக்கை முன்கூட்டிச் சொல்லிவைக்க வேண்டும். ஜூன் நடுவிலிருந்து செப்டம்பர் நடுப்பகுதி வரைதான் கோடைக்காலத் திறப்பு. வசந்தத்தில் பனிச்சறுக்குக்காரர்களுக்காகவும் திறக்கிறார்கள். படுக்கை உறை நாமே கொண்டுபோக வேண்டும். இது தேசியப் பூங்கா என்பதால் கூடாரம் போட்டுத் தங்குவது, டிரோன் விடுவது எல்லாம் கூடாது. நாய்க்கும் சில பாதைகளில் மட்டுமே இடம்.

மேற்கிலிருந்து இரண்டு குடில்கள் உண்டு. ஒன்று ஷாபோ குடில், 2,710 மீட்டர். போன்ட்டுக்குக் கொஞ்சம் முன்னாலேயே ப்ராவியூ என்ற இடத்தில் இறங்கி ஏற வேண்டும். அங்கிருந்து மலையின் வடமேற்கு முகம் நேரெதிரே தெரியும், ஆனால் அதற்கு மேல் கடக்கும் லாவெசியோ பனியாற்றில் பிளவுகள் அதிகம். இன்னொன்று நாங்கள் தேர்ந்தெடுத்த விட்டோரியோ எமானுவேலே குடில், 2,732 மீட்டர். இரண்டு வழியும் மேலே ஒரே பனி முதுகில் போய்ச் சேர்ந்துவிடும்.

பாலத்தைத் தாண்டி, புல்வெளி ஓரமாகக் கொஞ்ச தூரம் சமதளம். அப்புறம் லார்ச் மரக்காட்டுக்குள் பாதை வளைந்து வளைந்து ஏறுகிறது. 770 மீட்டர் ஏற்றம். பாதையைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். இது காலால் மிதித்து உண்டான ஒற்றையடிப் பாதை கிடையாது. சரிவுப் பக்கம் காரை இல்லாமல் அடுக்கிய கல்சுவர். நடக்கும் இடத்தில் கற்களைக் குத்தாக நட்டு இறுக்கியிருக்கிறார்கள். ஒவ்வொரு வளைவும் கோவேறு கழுதை சுமையோடு திரும்பும் அளவுக்கு அகலம். ஏற்றம் எங்கேயும் திடீரென்று கூடுவதே இல்லை. குதிரையில் அமர்ந்த அரசருக்கு முதுகு வலிக்கக் கூடாது என்பதற்காகப் போட்டது. ஒரு கல்லைத் தொட்டுப் பார்த்தேன், விளிம்பெல்லாம் மழுங்கி, ஆட்டுக்கல் ஓரம் மாதிரி வழுவழுப்பு.

1856-இல் அவர் இந்த மலைப்பகுதியைத் தன் வேட்டைக் காடாக அறிவித்தார். உள்ளூர்க்காரர்களைக் கூலிக்கு வைத்து இந்த மாதிரி 300 கிலோமீட்டருக்கு மேல் பாதை போட்டார். அதுவரை திருட்டு வேட்டையாடியவர்களையே காவலர்களாகவும் எடுத்துக்கொண்டார். மலையின் எந்த மூலையில் யார் எப்படி ஒளிவார்கள் என்று அவர்களுக்குத்தானே தெரியும். வேட்டை நாளில் ஆட்கள் சரிவு முழுக்க வரிசையாக நின்று சத்தம் போட்டு ஆடுகளை விரட்டுவார்கள். அரசர் கல் மறைப்புக்குப் பின்னால் காத்திருப்பார்.

மரம் முடிந்ததும் வெட்டவெளி. இரண்டரை மணி நேரத்தில் குடிலின் கூரை தெரிந்தது. கவிழ்த்த பீப்பாய் போல வளைந்த உலோகக் கூரை, வெயிலில் கண் கூசியது. பக்கத்திலேயே 1884-இல் கட்டிய பழைய கல் வீடு. எதிரே சார்ஃபொரோன் சிகரம், கவிழ்த்த குண்டான் மாதிரி. குடிலுக்குக் கீழே சின்ன ஏரி, அதில் அதே குண்டான் நிமிர்ந்து கிடந்தது.

வாசலிலேயே பூட்ஸைக் கழற்றி அலமாரியில் வைத்துவிட்டு, அவர்கள் தரும் ரப்பர் செருப்பில் உள்ளே போக வேண்டும். இரவு மினெஸ்த்ரோனே சூப், போலெந்தா. சோளமாவைக் கிண்டி வெண்ணெயும் பாலாடைக்கட்டியும் போட்டது, சூடாக இருக்கும்வரை அருமை. தம்பி மூன்று தடவை வாங்கினான். எனக்கு லேசாகத் தலைவலி. தண்ணீர் நிறையக் குடித்துவிட்டுப் படுக்கப் போகிறேன்.

மூன்றாம் நாள்: குடிலில்

திட்டமிட்டே ஒரு நாள் இங்கே நின்றோம். ஊரிலிருந்து நேராக வந்து மறுநாளே 4,000 மீட்டருக்குப் போகிறவர்கள் நிறையப் பேர் உண்டு. பாதியில் வாந்தி எடுத்துத் திரும்புகிறவர்களும் அவர்களில்தான் அதிகம். உச்சியில் ஒரு மூச்சுக்குக் கிடைக்கும் ஆக்சிஜன் கடற்கரையில் கிடைப்பதில் 60 சதவீதத்துக்குச் சற்று மேல்தான். உடம்புக்கு அதைப் பழகிக்கொள்ள ஓர் இரவாவது கூடுதலாகக் கொடுப்பது நல்லது. என் தலைவலி இன்று மதியத்துக்குள் போய்விட்டது, அதுவே எனக்குப் போதுமான சான்று.

காலையில் வழிகாட்டி வந்து சேர்ந்தார். ஐம்பது வயதைத் தாண்டிய, இந்தப் பள்ளத்தாக்கிலேயே பிறந்த மனிதர். கோடையில் மலை, குளிர்காலத்தில் பனிச்சறுக்கு சொல்லிக்கொடுப்பது. குடிலுக்கு மேலே மிஞ்சியிருந்த ஒரு பனித்திட்டில் எங்களை இரண்டு மணி நேரம் நடக்கவைத்தார். பூட்ஸுக்கு அடியில் மாட்டும் இரும்பு முட்களை இங்கே கிராம்பான் என்கிறார்கள். அதோடு நடக்கும்போது கால்களைக் கொஞ்சம் அகட்டி வைக்க வேண்டும். இல்லாவிட்டால் ஒரு காலின் முள் மறுகாலின் துணியில் மாட்டி ஆள் குப்புற விழுவான். விழுந்தால் பனிக்கோடரியை நெஞ்சுக்குக் கீழே அழுத்தி எப்படி நிற்பது என்று சறுக்கிக் காட்டினார். எங்களையும் சறுக்கவைத்தார், எட்டுத் தடவை.

கயிற்றிலும் ஒரு விஷயம் கற்றேன். மூவரையும் இணைக்கும் கயிற்றின் இடைவெளியில் சில முடிச்சுகள் போட்டார். எதற்கு என்று கேட்டேன். பனிப்பிளவுக்குள் ஒருவர் விழுந்தால் கயிறு பிளவின் விளிம்புப் பனியை அறுத்துக்கொண்டு இறங்கும். முடிச்சு அங்கே போய்ச் சிக்கி நிறுத்தும். மேலே நிற்கும் இருவருக்கு மூச்சுவிட நேரம் கிடைக்கும். ஒரு முடிச்சுதானே என்று தோன்றும், ஆனால் அதைப் போட்டு முடித்து ஒவ்வொன்றையும் இழுத்துப் பார்த்த அவர் முகத்தில் இருந்த கவனம் எனக்குப் பிடித்திருந்தது.

மதியம் இடி மின்னலோடு மழை. கோடையில் பிற்பகல் இப்படித்தானாம். அதனால்தான் எல்லாரும் இருட்டில் கிளம்புகிறார்கள்.

மழை விட்ட பிறகுதான் அந்தக் காட்சி. குடிலுக்குப் பின்னால் பனியாறு ஒரு காலத்தில் தள்ளிக் குவித்த கல்மேட்டில் ஏழு ஐபெக்ஸ்கள். எல்லாம் கிடா. கோடையில் கிடாக்கள் தனிக் கூட்டம், பெட்டைகளும் குட்டிகளும் வேறு இடம். நான் இருபது அடி தூரத்தில் ஒரு பாறையில் உட்கார்ந்தேன். ஒன்றும் அசையவில்லை. ஒரு பெரிய கிடா என்னைப் பார்த்துக்கொண்டே அசைபோட்டது. மஞ்சள் கண், அதில் கிடையாகக் கீறிய கண்பாப்பா. ஈரமான முடியிலிருந்து ஆவி எழுந்தது. அப்புறம் கழுத்தை வளைத்து, கொம்பின் நுனியாலேயே தன் பின்தொடையைச் சொறிந்துகொண்டது. அவ்வளவு நீளம், அவ்வளவு துல்லியம்.

வழிகாட்டி பக்கத்தில் வந்து உட்கார்ந்து வயதைக் கணக்கிடச் சொல்லிக்கொடுத்தார். முன்பக்கத்துப் பெரிய முடிச்சுகளை எண்ணக் கூடாது. கொம்பின் பக்கவாட்டில் மெல்லிய வளையக் கோடுகள் உண்டு. குளிர்காலத்தில் கொம்பு வளர்வது நின்று, வசந்தத்தில் மறுபடி தொடங்கும், அந்த இடத்தில் விழும் கோடு அது. தொலைநோக்கியில் பார்த்து எண்ணினேன். பதினொன்று. அவர் பன்னிரண்டு என்றார். கடைசி இரண்டும் அடியில் நெருக்கமாக இருக்கும், முடிக்குள் மறையும்.

நம் வரையாட்டின் தூரத்து உறவு என்று சொல்லலாம். பாறை முகத்தில் நிற்கும் நிற்பு அப்படியே அதுதான். வரை என்றால் மலை, நம் முன்னோர் வைத்த பெயர் இதற்கும் பொருந்துகிறது.

இந்த ஆடுகளின் கதையை இங்கே உட்கார்ந்து எழுதாமல் வேறு எங்கே எழுதுவது? ஒரு காலத்தில் ஆல்ப்ஸ் முழுக்க இருந்தவை. கொம்புத்தூள் மருந்து, இதயத்துக்குள் இருக்கும் சிலுவை வடிவச் சிற்றெலும்பு தாயத்து என்று நம்பி, துப்பாக்கி வந்த பிறகு கொன்று தீர்த்தார்கள். 19-ஆம் நூற்றாண்டு தொடங்கும்போது உலகத்திலேயே இந்த மலையைச் சுற்றி மட்டும்தான் மிச்சம், அதுவும் நூறை ஒட்டி. ஜோசப் சும்ஸ்டைன் என்ற வனத்துறை அலுவலர், மோண்டே ரோசாவில் ஏறிய மலையேறியும்கூட, அரசிடம் மன்றாடினார். 1821-இல் ஐபெக்ஸ் வேட்டைக்குத் தடை வந்தது. பிறகு வேட்டைக்கார ராஜா. அவர் சுட்டார், ஆனால் வேறு யாரும் சுடாமல் பார்த்துக்கொண்டார். எண்ணிக்கை ஏறியது. அவருடைய பேரன் மூன்றாம் விட்டோரியோ எமானுவேலே இந்த நிலத்தை நாட்டுக்குக் கொடுத்தார். 1922-இல் இது இத்தாலியின் முதல் தேசியப் பூங்கா ஆனது.

சுவிட்சர்லாந்து தனக்கும் சில ஐபெக்ஸ்கள் வேண்டும் என்று கேட்டது, அரச குடும்பம் விற்க மறுத்தது. கடைசியில் 1906-இல் இங்கிருந்து குட்டிகளைத் திருடி எல்லை தாண்டிக் கடத்தினார்கள். செயின்ட் காலன் நகரின் விலங்குப் பூங்காவில் வளர்த்து 1911-இல் மலையில் விட்டார்கள். சுவிஸ் மலைகளில் இன்று நிற்கும் ஐபெக்ஸ்கள் அந்தக் குட்டிகளில் தொடங்கிய வழி. இரண்டாம் உலகப் போர் முடிந்தபோது இங்கேயே மறுபடி நானூற்றுச் சொச்சமாகக் குறைந்தது. பசி, துப்பாக்கி, கண்காணிக்க ஆளில்லாமை. அப்போது பூங்காவின் பொறுப்பை ஏற்ற ரென்சோ விதெசோத் என்ற கால்நடை மருத்துவர் காவலர் படையைத் திரட்டி மீட்டெடுத்தார். இன்று ஆல்ப்ஸில் எந்த நாட்டில் ஓர் ஐபெக்ஸைப் பார்த்தாலும் அது இந்தச் சரிவுகளில் தப்பிப் பிழைத்த கூட்டத்தின் வாரிசு.

சார்ரே கோட்டைக் கூடத்தை இன்னும் மறக்க முடியவில்லை. அந்த ராஜா மேல் கோபம் இருக்கிறது. அவர் இல்லாவிட்டால் என் எதிரே இந்தப் பன்னிரண்டு வயதுக் கிடா இருந்திருக்காது என்பதும் தெரிகிறது. இரண்டையும் ஒன்றாக வைத்துக்கொண்டுதான் தூங்கப் போகிறேன். மூன்றரைக்கு எழ வேண்டும்.

நான்காம் நாள்: உச்சி

மூன்றரைக்கு எழுப்பினார்கள். ரொட்டி, ஜாம், காப்பி. தூக்கக் கலக்கத்தில் யாரும் பேசவில்லை. நான்கு மணிக்கு வெளியே வந்தபோது வானம் முழுக்க நட்சத்திரம், மேலே சரிவில் தலைவிளக்குகள் வரிசையாக ஊர்ந்துகொண்டிருந்தன.

முதல் ஒரு மணி நேரம் பாறைக் குவியல். அலமாரி அளவு, ஆட்டோ அளவுக் கற்கள். விளக்கு வட்டத்துக்குள் தெரியும் அடுத்த கல்லை மட்டும் பார்த்து ஏறினோம். அப்புறம் வழவழப்பான சரிபாறை. அதன் மேல் நேர்க்கோடுகளாகக் கீறல்கள், பனியாறு தன் அடியில் கற்களை வைத்துத் தேய்த்துக்கொண்டு போன தடம். வழிகாட்டி ஓர் இடத்தில் நின்று காலால் தட்டினார். தான் இளவயதில் கிராம்பான் மாட்டியது இங்கேதான் என்றார். நாங்கள் மாட்டியது அதற்கு மேல் அரை மணி நேரம் நடந்த பிறகு. அவர் அதற்கு மேல் எதுவும் சொல்லவில்லை. கையேடுகளில் இந்த வழியின் தரம் எளிது என்பதற்கு ஒரு படி மேல் என்று போட்டிருக்கும். அது பனி நன்றாக மூடியிருக்கும் நாளின் தரம். பனி மெலிய மெலிய, கல்லில் ஏறும் தூரம் கூடுகிறது, மேலே பிளவுகள் வாய் திறக்கின்றன. ஆகஸ்ட் கடைசியில் வருகிறவர்களுக்கு நாங்கள் நடந்த இதே வழி வேறு மலையாக இருக்கும். ஜூலைத் தொடக்கம் எங்களுக்கு நல்லதாக அமைந்தது.

கயிற்றில் வழிகாட்டி முன்னால், நான் நடுவில், தம்பி கடைசி. பனி இரவில் உறைந்து கெட்டியாக இருந்தது. ஒவ்வோர் அடிக்கும் வறுத்த அப்பளம் நொறுங்கும் சத்தம். இரண்டு இடத்தில் பிளவைத் தாண்டினோம். ஒன்றில் குனிந்து பார்த்தேன். மேலே ஒரு முழ அகலம்தான். உள்ளே வெள்ளை நீலமாகி, நீலம் கருப்பாகி, அடி தெரியவில்லை. குளிர்ந்த காற்று முகத்தில் வந்து தொட்டது. வழிகாட்டி திரும்பிப் பார்த்து நிற்காதே என்று கையைக் காட்டினார்.

ஆறு மணிக்கு வெளிச்சம். எங்கள் மேல் வெயில் இல்லை, மலை கிழக்கை மறைத்திருந்தது. ஆனால் பின்னால் தூரத்துச் சிகரங்கள் ஒவ்வொன்றாக ஆரஞ்சு நிறத்தில் பற்றிக்கொண்டன. கழுதை முதுகு என்று இங்கே சொல்கிற அகன்ற பனி முதுகில் ஏறியதும் காற்று அறைந்தது. ஷாபோ குடிலிலிருந்து வந்தவர்களும் இங்கே சேர்ந்துகொண்டார்கள். ஒரே தடத்தில் கூட்டம்.

இங்கேதான் தம்பி தடுமாறினான். "அக்கா, மூச்சு வரல. திரும்பிடலாமா?" உதடு வெளுத்திருந்தது. கயிறு ஒன்று என்றால் முடிவும் ஒன்று. ஒருவர் திரும்பினால் மூவரும் திரும்ப வேண்டும். எனக்குள் ஏமாற்றம் எழுந்தது, அதை மறைக்க முயன்றேன். வழிகாட்டி அவனை உட்காரவைத்தார், தேநீர் கொடுத்தார், பெயர், கிழமை, நேற்று இரவு என்ன சாப்பிட்டாய் என்று கேட்டார். போலெந்தா என்று சொன்னபோது சிரித்தான். தலை சுற்றல் இல்லை, வாந்தி இல்லை, பேச்சு தெளிவு. வேகமாக வந்துவிட்டோம் என்று சொல்லி, அடுத்த ஒரு மணி நேரம் நாற்பது அடிக்கு ஒரு நிறுத்தம் என்று நடத்தினார். எங்களை எத்தனையோ பேர் தாண்டிப் போனார்கள். அவர் ஒரு முறைகூட அவர்களைத் திரும்பிப் பார்க்கவில்லை.

கடைசிச் செங்குத்துப் பனியில் ஏறி, உச்சிப் பாறைகளின் அடியில் வந்து நின்றபோது எட்டே முக்கால். அங்கே வரிசை. உச்சி ஒரு குறுகிய பாறை விளிம்பு, அதன் மேல் வெள்ளை மடோனா (மாதா) சிலை. போகவும் வரவும் அந்த விளிம்பு ஒன்றுதான் வழி. இருபது நிமிடம் காத்திருந்தோம். காத்திருந்த இடத்தில் பாறையில் சாய்ந்தேன், சாய்ந்த இடத்தில் அந்தக் கல்லைப் பார்த்தேன். சாம்பல் வரிகளுக்கு நடுவே வெள்ளையாகக் கண் கண்ணாக, கட்டைவிரல் அளவுப் படிகங்கள். ஒவ்வொரு கண்ணையும் சுற்றி வரிகள் இமை போல வளைந்து போகின்றன. இந்த வகைப் பாறையைக் கண் நைஸ் (augen gneiss) என்பார்கள். பூமிக்கடியில் கருங்கல்லாக உறைந்து, ஆப்பிரிக்கப் பக்கத்துத் தட்டும் ஐரோப்பியத் தட்டும் மோதியபோது ஆழத்தில் நசுங்கி மடிந்து, மறுபடி மேலே வந்த கல். நசுக்கியபோதும் உடையாமல் நின்ற படிகங்கள்தான் அந்தக் கண்கள். கையுறையைக் கழற்றித் தடவினேன். விரல் மரத்துப்போனது, இருந்தாலும் தடவினேன்.

எங்கள் முறை வந்தது. கடைசி ஒரு நகர்வுதான் வழி முழுவதிலும் எனக்குப் பயம் தந்தது. பாதம் பக்கவாட்டில் வைக்கும் அகலமே உள்ள விளிம்பு, கைக்குப் பிடி உண்டு, ஆனால் குதிகாலுக்குப் பின்னால் ஒன்றும் இல்லை. கிழக்குப் பக்கம் நேராகக் கீழே திரிபொலாசியோனே பனியாறு, உடைந்த கண்ணாடிபோல. இத்தாலிய மொழியில் அந்தப் பெயருக்குத் துன்பம் என்று பொருள். வழிகாட்டி பாறையில் அடித்திருந்த ஆணியில் கயிற்றைப் போட்டார். நான்கு அடிகள். சிலையின் கால் தொட்டேன். உலகத்துக்கே தெரிந்த இந்தச் சிலை நிற்பது மிக உயர்ந்த புள்ளியில் அல்ல. சற்று அப்பால் இன்னொரு பாறை முனை இதைவிடக் கொஞ்சம் உயரம். அதற்கு நாங்கள் போகவில்லை. பின்னால் வரிசை காத்திருந்தது.

1860 செப்டம்பர் 4 அன்று இங்கே முதலில் வந்தவர்கள் நான்கு பேர். கோவெல், டண்டஸ் என்ற இரண்டு ஆங்கிலேயர்கள், அவர்களை அழைத்துவந்த ஷாமொனி ஊர் வழிகாட்டிகள் மிஷல் பயோ, ஜான் தைராஸ். அப்போது இந்தப் பக்கம் குடிலும் இல்லை, தடமும் இல்லை.

வடமேற்கே மோன் பிளாங்க் முழுசாக. வடகிழக்கே மாட்டர்ஹார்ன், அதன் வலப்பக்கம் மோண்டே ரோசாவின் அகன்ற வெள்ளை. தெற்கே மூடுபனிக்கு மேல் தனியாக மோன்விசோவின் முக்கோணம். தம்பி ஒன்றும் பேசாமல் என் தோளில் கை போட்டு நின்றான். அவனுக்கு அழுகை வந்தது, எனக்கும்தான்.

ஒன்பதரைக்கு இறங்கத் தொடங்கினோம். வெயில் ஏற ஏறப் பிளவுகள் மேலிருக்கும் பனிப்பாலங்கள் இளகும், தாமதிக்கக் கூடாது. காலையில் கெட்டியாகத் தாண்டிய ஓர் இடத்தில் என் இடது கால் முழங்கால் வரை உள்ளே போனது. கயிறு உடனே இறுகியது. வெளியே இழுத்துக்கொண்டேன், பயப்படக்கூட நேரமில்லை. குடிலுக்கு வந்தபோது ஒரு மணி. மூன்று மணிக்கு இடி தொடங்கியது.

ஐந்தாம் நாள்: இறக்கம்

முழங்கால் இரண்டும் விறைப்பு. வழிகாட்டி விடியலிலேயே அடுத்த ஆட்களோடு மேலே போய்விட்டிருந்தார். நேற்று இரவே கை குலுக்கி விடைபெற்றோம்.

ராஜாவின் பாதையில் மெதுவாக இறங்கினோம். மரம் தொடங்குவதற்கு முன் ஒரு வளைவில் எதிரே ஏறிவந்த நான்கைந்து பேர் நின்றுகொண்டிருந்தார்கள். என்ன என்று பார்த்தால், பாதைக்குக் குறுக்கே ஒரு கிடா படுத்திருந்தது. வெயில் பட்ட கல் சூடாக இருந்திருக்கும். கல்சுவரில் முதுகைச் சாய்த்து, கண்ணைப் பாதி மூடி அசைபோட்டுக்கொண்டிருந்தது. எதிர்ப்பக்கம் நின்ற ஒரு பெரியவர் எங்களைப் பார்த்து விரலை உதட்டில் வைத்தார். தம்பி மெதுவாகப் பையை இறக்கிவைத்து உட்கார்ந்தான். நானும் உட்கார்ந்து கொம்பின் பக்கவாட்டுக் கோடுகளை எண்ண ஆரம்பித்தேன். ஒன்பது. அடியில் முடிக்குள் ஒன்று மறைந்திருக்கலாம், பத்து.

கால் மணி நேரம் கழித்து அது எழுந்து, உடம்பை ஒரு முறை உதறி, சுவரைத் தாண்டிச் சரிவில் இறங்கிப் போனது. அப்புறம் நாங்கள் பையை மாட்டிக்கொண்டோம்.